ஓடக்காரனின் வசனம்

2007

மாசி (பெப்ரவரி) 10, சனி

ஹரோவுக்குப் போய்வந்தேன். பரமேஸ்வரனின் திரைவட்டம். வட்டம் என்பது அவரும், அவர் சொல்வதற்கெல்லாம் ஓம் போடும் கொஞ்சம் ஓய்வுபெற்ற மனிதர்களும். தமிழ் வகுப்பு முடிந்த பள்ளிக்கூட மண்டபத்தில், பிள்ளைகள் சிந்திய கிறிஸ்ப்ஸ் துகளுக்கு மேல் கதிரை போட்டு உலக சினிமா பார்க்கிறார்கள். படத்துக்கு முதல் பரமேஸ்வரன் பேசுவார். படத்தைவிட அவருக்கு அதுதான் முக்கியம். எழுபத்திரண்டிலேயே நாட்டைவிட்டு வந்த என்ஜினியர். அதற்குப் பிறகு அங்கே என்ன நடந்தது என்பதை எல்லாம் அவர் ஆங்கிலப் பேப்பரில் வாசித்திருக்கிறார்.

இந்த முறை பழைய ஜப்பான் படம். கறுப்பு வெள்ளை. "துரோகமும் பழிவாங்கலும்" என்று சொல்லிவிட்டுக் கண்ணை மூடினார், தான் எழுதிய படம் போல. வயதானவர்களுக்கு இங்கிலீஷ் எழுத்து ஓடுகிற வேகத்துக்கு வாசிக்க ஏலாதாம். தமிழில் சப்டைட்டில் வேண்டுமாம். எழுதித் தந்தால் படத்தில் ஏற்றுகிற வேலையைத் தான் செய்வாராம். "உங்களுக்கு இது சின்ன வேலைதானே, மிஸிஸ் கிறிஸ்துராஜா. நாள் முழுக்க மொழிபெயர்க்கிறவதானே நீங்கள்."

ஆஸ்பத்திரியிலும் கவுன்சிலிலும் நான் செய்வதை அவர் என்ன நினைத்திருக்கிறாரோ. மூலவியாதியும் வீட்டு வாடகையும்தான் மொழிபெயர்க்கிறேன், ஐயா. சாமுராய் ஒருத்தரும் இன்னும் வரவில்லை.

ஓம் என்று சொல்லிவிட்டேன். ஏன் சொன்னேன்?

மாசி 14, புதன்

லீவு. மனிசனுக்கு லீவில்லை, இவர் பஸ் ஓட்டப் போய்விட்டார். காதலர் தினம், எங்கள் வால்தம்ஸ்டோ முழுக்க இன்றைக்கு ரோசாப்பூ. நான் வீட்டில் இருந்து சாமுராய் பார்த்தேன்.

ஜப்பான் பெயர்கள் எனக்கு நிற்பதில்லை. அண்ணன், தம்பி, நண்பன் என்றே வைத்துக்கொள்கிறேன். அண்ணன் பிரபுவுக்கு எதிராக ஏதோ எழுதிவிட்டான். எழுதியது யார் என்று தெரியாமல் கோட்டை முற்றத்தில் எல்லாரையும் நிறுத்துகிறார்கள். மூங்கில் தட்டிக்குப் பின்னால் நண்பன் ஒளிந்து உட்கார்ந்திருக்கிறான். அண்ணன் முன்னால் வரும்போது தன் விசிறியை மடிக்கிறான். அவ்வளவுதான் அடையாளம். பொழுதுபடுமுன் அண்ணனின் தலை போய்விட்டது.

தம்பி பன்னிரண்டு வருடம் நண்பனைத் தேடுகிறான். நண்பன் வேறு ஊரில் ஓடக்காரனாக இருக்கிறான். கண்டுபிடித்தவன் வெட்டினானா? இல்லை. ஒவ்வொரு நாளும் அந்த ஓடத்தில் ஏறி அக்கரைக்குப் போகிறான், திரும்பி வருகிறான், முறைத்துக்கொண்டு. கடைசியில் நடு ஆற்றில் வெட்டுகிறான். வெட்டிய பிறகுதான் ஐயாவுக்குத் தெரிகிறது, தனக்கு ஓடம் வலிக்கத் தெரியாது என்று. பிணமும் அவனும் ஆற்றோடு போகிறார்கள். முடிவு.

இதைக் காவியம் என்கிறார்கள். பன்னிரண்டு வருடம் வாள் பழகியவனுக்கு ஒரு நாள் துடுப்புப் பிடித்துப் பழகத் தோன்றவில்லை. மடையன்.

வசனம் குறைவு. வேலை லேசு. முற்றத்துக் காட்சியை மட்டும் விட்டிருக்கிறேன். பிறகு செய்யலாம்.

மாசி 25, ஞாயிறு

தமிழ்ப் பூசை முடிந்து கோயில் மண்டபத்துக்குப் போனேன். யாக்கோப்பு கதிரை அடுக்கிக்கொண்டு நின்றான்.

யாக்கோப்பு.

மாசி 26, திங்கள்

வேலைக்குப் போகவில்லை. காய்ச்சல் என்று சொன்னேன்.

எழுதிவிடுகிறேன். எண்பத்தைந்தில் எனக்கு இருபத்துமூன்று வயது. மன்னார்க் கரையில் எங்கள் ஊர். அண்ணன் பெனடிக்ற்றும் யாக்கோப்பும் ஒரே வள்ளத்தில் போகிறவர்கள், ஒரே கோப்பையில் சாப்பிடுகிறவர்கள். யாக்கோப்பு ஒரு அலுவலாக மன்னார் ரவுணுக்குப் போக நல்ல சேட்டு இல்லை என்று அண்ணனின் சேட்டை வாங்கிக்கொண்டு போனான். நீலக் கட்டம் போட்டது. மேல் பட்டன் கழன்றிருந்தது என்று நான்தான் கறுப்பு நூலால் தைத்துக் கொடுத்தேன், நீல நூல் இல்லாதபடியால். போனவனை வழியில் ஆமி பிடித்துவிட்டது.

அடுத்த கிழமை விடிய ஊரைச் சுற்றி வளைத்தார்கள். ஆம்பிளைகளைப் பள்ளிக்கூட வளவில் ஒவ்வொருவராக நடக்கவிட்டார்கள். ஜீப்பில் ஒரு தலையாட்டி, ஆமிக்கு ஆள் காட்டிக்கொடுக்கிறவன். முகத்துக்குச் சாக்கு, கண்ணுக்கு இரண்டு ஓட்டை. அண்ணன் வந்தபோது சாக்கு மேலும் கீழும் ஆடியது. பொம்பிளைகளோடு வேலிப்பக்கம் நின்ற நான் சாக்கைப் பார்க்கவில்லை. சாக்குக்குக் கீழே இருந்த சேட்டைப் பார்த்தேன். நீலக் கட்டம். கறுப்பு நூல்.

அண்ணனை ட்ரக்கில் ஏற்றினார்கள். பிறகு இல்லை. அம்மா முகாம் முகாமாகப் படத்தோடு திரிந்து அப்படியே செத்துப்போனா. யாக்கோப்பு ஒரு மாதத்துக்குள் வள்ளத்தில் இந்தியாவுக்கு ஓடிவிட்டான் என்று கேள்விப்பட்டோம்.

இப்போது தலை நரைத்து, வயிறு வைத்து, சாரதியின் கோட்டுப் போல ஒரு கோட்டுப் போட்டுக்கொண்டு, சுவாமியாருக்குக் கதிரை அடுக்கிக் கொடுக்கிறான். டென்மார்க்கில் இருந்து போன மாதம் வந்த குடும்பமாம். நல்ல மனிசனாம். பியூலா அக்கா சொன்னா. அவவுக்கு யார் கதிரை தூக்கினாலும் நல்ல மனிசன்.

என்னை நேரே பார்த்தான். வணக்கம் சொன்னான். தெரியவில்லை. அப்போது எனக்கு இடுப்புவரை தலைமயிர். இப்போது கண்ணாடியும் கட்டைமயிரும்.

பங்குனி 2, வெள்ளி

இவருக்குச் சொன்னேன். சேட்டுக் கதை இவருக்குத் தெரியும், ஆள்தான் புதிது. சோற்றுக் கோப்பையைத் தள்ளி வைத்துவிட்டு யோசித்தார். "சுவாமியாரிட்டச் சொல்லும், பியற்றிஸ். நீர் தனியச் சுமக்காதையும்" என்றார்.

சுவாமியார் என்ன செய்வார்? மன்னிக்கச் சொல்லுவார். அவருக்கு அதைவிட வேறு மருந்து தெரியாது. ஒரே குளிசையை எல்லா வருத்தத்துக்கும் கொடுக்கிற டொக்டர்.

பங்குனி 20, செவ்வாய்

ஏஜென்சி காலையில் போன் பண்ணியது. புற்றுநோய்ப் பிரிவு, தமிழ்ப் பெண், டேனிஷ் தெரியும், இங்கிலீஷ் காணாது. பெயர் பெனிற்றா. கணவர் யாக்கோப்பு.

தெரிந்தவர்களுக்குப் போகக்கூடாது என்பது சட்டம். தெரியாது என்று சொல்லிப் போனேன்.

அவன் எழுந்து நின்றான். "தங்கச்சி, கடவுள்தான் உங்களை அனுப்பினது" என்றான். கடவுளுக்கு வேறு வேலை இல்லை.

டொக்டர் சொன்னதைச் சொன்னேன். ஈரலுக்குப் பரவியிட்டுது என்று. மனைவிக்குச் சொல்ல வேண்டிய சொல்லை அவனுடைய முகத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னேன். விரும்பித்தான் பார்த்தேன். இத்தனை வருடம் இந்த முகம் எப்படி உடையும் என்று நினைத்துப் பார்த்திருக்கிறேன். உடைந்தது. மூக்கால் வடிய அழுதான். பார்க்க அருவருப்பாக இருந்தது, வேறொன்றும் இல்லை.

அவள் அழவில்லை. புது வீட்டுக்கு யன்னல் சீலைத் துணி வெட்டிவிட்டாவாம், இப்ப அதைத் தைக்கிறதோ விடுகிறதோ என்று டொக்டரிடம் கேட்கச் சொன்னா. நான் அப்படியே கேட்டேன். டொக்டர் தையுங்கள் என்றார். இப்படி ஒரு பெண். ஈரல் போகிறது, சீலை கேட்கிறாள்.

அடுத்த முறையும் நானே வரவேண்டும் என்று தாதியிடம் சொல்லச் சொன்னா. அதையும் நானேதான் மொழிபெயர்த்தேன்.

சித்திரை 14, சனி

பரமேஸ்வரன் போன் பண்ணி வருடப்பிறப்பு வாழ்த்துச் சொன்னார். நான் வேதக்காரி என்பது அவருக்கு ஒவ்வொரு வருடமும் மறந்துபோகிறது. பிறகு விசயத்துக்கு வந்தார். என் தமிழ் அவருக்குக் காணாதாம். வீரன் ஒருவன் "பயந்திட்டன்" என்று சொல்வானா? "அச்சமுற்றேன்" என்று மாற்றினாராம். மாற்றட்டும். நடு ஆற்றில் சாகப்போகிறவன் அச்சமுறட்டும்.

ஆனால் ஒரு வசனத்தை நான் விடவில்லை. தம்பி வாளை எடுக்கும்போது ஓடக்காரன் துடுப்பைக் கீழே வைத்துவிட்டு, "நான் விசிறியைத்தான் மடித்தேன்" என்கிறான். இங்கிலீஷில் அப்படித்தான் இருக்கிறது. நான் எழுதியிருக்கிறேன்: "நான் தலையைத்தான் ஆட்டினேன்."

முற்றத்துக் காட்சியிலும் மாற்றிவிட்டேன். "தட்டிக்குப் பின்னால் யார்?" என்று காவலன் கேட்கிற இடத்தில் "தலையாட்டி" என்று ஒரே சொல்.

பரமேஸ்வரன் வாசித்துப் பார்த்தார். "மூலத்தில விசிறியெல்லோ?" என்றார். எங்கட சனத்துக்கு விசிறி விளங்காது என்றேன். கொஞ்சம் யோசித்து, "ஓம், யதார்த்தமாய் இருக்கு, விடுவம்" என்றார். அந்தச் சொல் என்னவென்று அவருக்குத் தெரியவே இல்லை! எழுபத்திரண்டில் வந்தவர். பேப்பரில் அது வரவில்லைப்போல.

ஹரோ மண்டபத்துக்குப் பெயின்ற் அடிக்கிறார்களாம். எங்கள் கோயில் மண்டபத்தை எடுத்துத் தருகிறேன் என்றேன். நன்றி நன்றி என்றார்.

கதிரை அடுக்க ஒருவன் இருக்கிறானே.

வைகாசி 12, சனி

படம் போட்டாயிற்று.

மண்டபம் நிறைந்த சனம். ஹரோக்காரர் முன்வரிசையில், பூசைக்கு வருகிற எங்கள் சனம் பின்னால். பெனிற்றா வந்து தலையில் துணி கட்டிக்கொண்டு ஓரத்தில் இருந்தா. அவன் தேத்தண்ணி மேசையடியில் நின்றான். நான் திரைக்கு முதுகைக் காட்டாத குறையாகச் சுவரோடு நின்று அவனையே பார்த்தேன்.

முற்றத்துக் காட்சி. "தலையாட்டி" என்று எழுத்து வந்தது. அதுவரை கிசுகிசுத்துக்கொண்டிருந்த சனம் ஒரேயடியாக நின்றது. பின்வரிசையில் எங்கள் பக்கத்து மனிதர் ஒருவர் எழுந்து வெளியே போனார். பியூலா அக்கா சேலைத் தலைப்பை வாய்க்குள் வைத்துக்கொண்டா. அவவுடைய மகனும் அப்படித்தான் போனவன். அதை நான் ஏன் நினைக்கவில்லை? இந்த மண்டபத்தில் எத்தனை பேருக்கு ஒரு சாக்குத் தலை இருக்கும் என்று ஏன் யோசிக்கவில்லை? நான் ஒருத்தருக்காக எழுதினேன். எல்லாருக்கும் போய்த் தைத்தது.

பரமேஸ்வரன் மட்டும் திரும்பிப் பார்த்துச் சிரித்தார், படம் சனத்தைத் தொட்டுவிட்டது என்று.

ஓடத்துக் காட்சி. "நான் தலையைத்தான் ஆட்டினேன்." அவன் திரையைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தான். நேரே என்னை. யார் எழுதியது என்று தெரிந்த பார்வை.

கூனிக் குறுகுவான் என்று நினைத்தேன். ஓடுவான் என்று நினைத்தேன். கடைசியில் முகத்தைத் திருப்பியது நான்.

படம் முடிய ஒரு கிழவர், "வலிக்கத் தெரியாதவன் ஏன் ஏறினவன்?" என்று கேட்டார். எல்லாரும் சிரித்தார்கள். அவன் கதிரைகளை அடுக்கினான்.

வைகாசி 22, செவ்வாய்

பெனிற்றாவுக்கு இன்று மருந்து ஏற்றுகிற நாள். அவனைத் தேத்தண்ணி வாங்க அனுப்பிவிட்டு என்னைக் கேட்டா.

"அக்கா, அந்தப் படத்தில என்ன இருந்தது? அண்டையில இருந்து மனிசன் சாப்பிடுறேல்லை."

சொல்லாமல் விட்டிருக்கலாம். படத்தைப் பற்றி ஏதாவது சொல்லியிருக்கலாம். சொன்னேன். வேலையில் சொல்லுகிற மாதிரி, கூட்டாமல் குறைக்காமல். ஊர், ஜீப், சாக்கு, அண்ணன்.

அவ கையில் ஏறிக்கொண்டிருந்த மருந்தைப் பார்த்தபடி இருந்தா. பிறகு, "சேட்டு என்ன நிறம் எண்டனீங்கள்?"

"நீலக் கட்டம்."

"ஆமி பிடிச்சு அடிச்சது எண்டு மட்டும்தான் எனக்குச் சொன்னவர்." மருந்துக் குழாயை நேராக்கிவிட்டு, "இருவது வருசம் அந்த முதுகுக்கு எண்ணெய் பூசினனான்" என்றா.

அவன் இரண்டு கடுதாசிக் கப்போடு வந்தான். ஒன்றை எனக்கு நீட்டினான். நான் வாங்கவில்லை. அவவும் வாங்கவில்லை.

வீட்டுக்கு வந்து நல்லாகச் சாப்பிட்டேன். இதையும் எழுதி வைக்கிறேன். நல்லாகச் சாப்பிட்டேன்.

வைகாசி 25, வெள்ளி

பெனிற்றா அவனை வீட்டை விட்டு அனுப்பிவிட்டாவாம். செவன் கிங்ஸில் யாரோ வீட்டு அறையில் இருக்கிறானாம். பூசைச் சனத்துக்குள் கதை பரவிவிட்டது. நான் பரப்பவில்லை. பரப்பத் தேவையில்லை, படம் போட்டுக் காட்டியிருக்கிறேனே.

வைகாசி 29, செவ்வாய்

ஆஸ்பத்திரியில் இருந்து போன். வேலைக்கு இல்லை. அவசரத்துக்குக் கூப்பிடவேண்டிய ஆள் என்று பெனிற்றா என் பெயரைக் கொடுத்திருக்கிறாவாம். கணவனின் பெயரை வெட்டச் சொல்லிவிட்டாவாம்.

நான் கேட்டேனா? பிள்ளைகள் இல்லை. சொந்தம் எல்லாம் டென்மார்க்கில். அதற்கு நானா? ஏலாது என்று சொல்லத்தான் போனேன். போனால் காலுக்கு மேசு போட ஏலாமல் குனிந்துகொண்டு இருக்கிறா. போட்டுவிட்டு வந்தேன்.

இவரிடம் சொன்னேன். இவர் ஒன்றும் சொல்லவில்லை. ஒன்றும் சொல்லாமல் இருப்பதற்கும் இவருக்கு ஒரு முகம் இருக்கிறது. எனக்குப் பிடிக்காது அந்த முகம்.

ஆனி 7, வியாழன்

கவுன்சிலில் வேலை முடித்து வர, பஸ் தரிப்பில் அவன் நின்றான். தாடி. என்னைக் கண்டு எழுந்தான்.

எனக்குத் தெரியும், சாட்டுச் சொல்ல, நியாயம் பேச வந்திருக்கிறான் என்று. இருபத்திரண்டு வருடமாக அந்தச் சாட்டுகளை நானே அவனுக்காகச் சொல்லிப் பார்த்து, ஒவ்வொன்றையும் காறித் துப்பி வைத்திருக்கிறேன். ஒன்றுகூட மிச்சமில்லை. வரட்டும் என்று நின்றேன்.

"ஆஸ்பத்திரியில கண்ட அண்டைக்கே தெரியும், நீர் பெனடிக்ற்றின்ர தங்கச்சி எண்டு. குரல் மாறேல்லை."

அப்ப ஏன் பேசாமல் இருந்தனீங்கள் என்று கேட்டேன். நீங்கள் என்றுதான் வந்தது வாயில். வெட்கம்.

"பெனிற்றாவுக்கு உம்மட தமிழ் தேவையாய் இருந்தது."

"ஏன் அவன்?" என்று கேட்டேன். ரோட்டில் நின்று கத்திக் கேட்டேன். சனம் பார்த்தது. "ஏன் எங்கட அண்ணை?"

அவர் கீழே பார்க்கவில்லை. "ஒருத்தனையாவது காட்டு எண்டு அடிச்சவங்கள். வரிசையில முதல் வந்த தெரிஞ்ச முகம் அவன்ர."

அவ்வளவுதான். அண்ணனில் கோபம் இல்லை, பொறாமை இல்லை, காசு இல்லை, இயக்கம் இல்லை. முதல் வந்த தெரிந்த முகம். இதற்கு நான் தயாராக இருக்கவில்லை. துப்புவதற்கு அதில் ஒன்றும் இல்லை.

மன்னிப்புக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அறைந்திருப்பேன். அவர் வந்தது வேறு அலுவலுக்கு. பெனிற்றாவால் இடப்பக்கம் சரிந்து படுக்க ஏலாதாம், ஆனால் தாதிகளிடம் சொல்லமாட்டாவாம். சுடுதண்ணி குடித்தால் சத்தி எடுத்துவிடுவாவாம், ஆறவைத்துக் கொடுக்க வேண்டுமாம். "உமக்குத் தெரியாது எண்டதால சொன்னனான்" என்றார்.

பஸ் வந்தது. நான் ஏறினேன். அவர் ஏறவில்லை.

"அவர்" என்று எழுதியிருக்கிறேன். வெட்ட மனம் வரவில்லை. அலுப்பு.

ஆனி 9, சனி

இடப்பக்கம் படுக்கவிடாதீர்கள் என்று தாதியிடம் சொன்னேன். பெனிற்றா என்னைப் பார்த்தா. யார் சொன்னது என்று கேட்கவில்லை.

ஆனி 30, சனி

பரமேஸ்வரன் போன். ஜப்பான் படத்துக்கு வால்தம்ஸ்டோவில் கிடைத்த "உணர்ச்சிபூர்வமான வரவேற்பை" வைத்து ஒரு கட்டுரை எழுதுகிறாராம். ரசிகர்கள் ஏன் அவ்வளவு கலங்கினார்கள் என்று என் கருத்து வேண்டுமாம். இசை என்றேன். எழுதிக்கொண்டார்.

ஆடி 15, ஞாயிறு

பெனிற்றாவை ஹொஸ்பிஸுக்கு, இனி மருந்து இல்லை என்றவர்களை வைத்துப் பார்க்கிற இடத்துக்கு, மாற்றிவிட்டார்கள். வடிவான இடம். அதுவே எரிச்சலாக இருக்கிறது.

பெனிற்றா கதைக்கத் தொடங்கினால் நிறுத்தமாட்டா. டென்மார்க்கில் பன்றி இறைச்சித் தொழிற்சாலையில் நின்று வேலை செய்த கதை. பனியில் சைக்கிள் விழுந்த கதை. அந்தோனியார் படத்தைக் கட்டிலின் எந்தப் பக்கம் வைப்பது என்று ஒரு மணித்தியாலம். இப்படி வெறும் கதை கதைக்கிற பெண்ணோடு வேறு எங்கேயாவது இருந்திருந்தால் எழும்பிப் போயிருப்பேன். தலைமயிர் இல்லாத தலைக்குச் சீப்புக் கேட்டா இன்று. ஏன் என்றேன். "தலை இழுத்துக்கொண்டு இருக்கத்தான் கதை வரும்" என்றா. சீப்பின் முதுகால் மெல்லத் தடவிவிட்டேன். கதைத்தா.

அவரைப் பற்றி ஒரு சொல் இல்லை. நானும் எடுக்கவில்லை.

இடையில் ஒருமுறை மட்டும், "நீங்கள் எனக்குச் சொன்னது எனக்காகவோ, உங்களுக்காகவோ, அக்கா?" என்று கேட்டா. எனக்காக என்றேன். "அப்பிடித்தான் நினைச்சன்" என்று தண்ணி கேட்டா. ஆறவைத்த தண்ணி.

ஆவணி 3, வெள்ளி

காலையில் போனபோது பெனிற்றா காய்ச்சலில் புலம்பிக்கொண்டிருந்தா. தாதி என்னைக் கண்டதும் ஆறுதலாக மூச்சு விட்டாள். "நல்ல வேளை வந்தாய், ஏதோ கேட்கிறா, எங்களுக்கு விளங்கவில்லை" என்றாள். குனிந்து கேட்டேன். எனக்கும் விளங்கவில்லை.

டேனிஷ்.

தமிழ் போய்விட்டது. நான் தமிழில் கேட்டேன், என்ன வேணும், எங்க நோகுது என்று. என்னைப் பார்த்துக்கொண்டு இன்னும் சத்தமாக டேனிஷில் சொன்னா. கையைப் பிடித்துக்கொண்டு சொன்னா. திரும்பத் திரும்ப ஒரே வசனம். பதினைந்து வருடமாகச் சனம் டொக்டருக்கு முன்னால் இப்படி நின்று என்னைத்தான் பார்க்கும், நான் வாய் திறக்கும்வரை. எனக்கு அந்தப் பக்கத்தில் நின்று பழக்கமில்லை.

தாதி சொன்னாள், டேனிஷ் மொழிபெயர்ப்பாளர் திங்கட்கிழமை வருவாராம். திங்கட்கிழமை!

வெளியே வந்து இவருக்கு போன் பண்ணினேன். செவன் கிங்ஸ் ஆளின் நம்பர் யாரிடம் இருக்கும் என்று கேட்டேன். "என்னட்டை இருக்கு" என்றார் இவர். எப்போதிருந்து என்று கேட்கவில்லை.

"நான் பியற்றிஸ். அவ டேனிஷில கதைக்கிறா. எனக்கு விளங்குதில்லை. வாங்கோ." இவ்வளவுதான் சொன்னேன். சனம் பார்த்தால் என்ன, சாமி பார்த்தால் என்ன. வாங்கோ.

மழையில் நனைந்துகொண்டு வந்தார். வாசலில் நின்று, உள்ளே வரலாமோ என்பது போல் என்னைப் பார்த்தார். நான் விலகினேன். அவர் காதைப் பெனிற்றாவின் வாயடியில் வைத்தார்.

"கால் குளிருதாம்."

கால் குளிர்கிறது! அதற்குத்தான் இவ்வளவு நேரம்! தாதி கம்பளி கொண்டுவந்தாள். நான் இரண்டு காலையும் மூடி இறுக்கினேன். பெனிற்றா அவருடைய முகத்தைப் பார்த்தபடி பிறகும் சொன்னா. நீளமாக, நிறுத்தி நிறுத்தி. கோபமா, வேறு ஏதாவதா, தெரியவில்லை. அந்த மொழியில் எல்லாமே தொண்டையில் இருந்து வருகிறது. அவர் "யா, யா" என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

பெனிற்றா என்ன சொல்கிறா என்று தாதி கேட்டாள். நான் அவரிடம் கேட்டேன். அவர் கண்ணைத் துடைக்காமல், "வேறை ஒண்டும் இல்லை, களைப்பாய் இருக்காம்" என்றார்.

அவ்வளவு நீளத்துக்கு இவ்வளவு சின்ன மொழிபெயர்ப்பு. என் தொழிலில் அதைப் பெரிய பிழை என்போம். தாதியிடம் "களைப்பாம்" என்றேன்.

கதவைச் சாத்திவிட்டு வந்து வெளி மர வாங்கில் உட்கார்ந்திருந்தேன்.

ஆவணி 5, ஞாயிறு

விடிய முடிந்துவிட்டது. அவர்தான் பக்கத்தில். நான் போய்ச் சேரவில்லை.

ஆவணி 14, செவ்வாய்

அடக்கப் பூசை. வந்தவர்களை ஒரு கையால் எண்ணலாம். கதிரை தூக்கியபோது நல்ல மனிசன் என்றவர்கள் ஒருவரும் இல்லை. பியூலா அக்கா வரவில்லை, அவவைக் குற்றம் சொல்ல எனக்கு வாயில்லை. மற்றவர்களுக்கு என்ன? மன்னார் எந்தப் பக்கம் என்றே தெரியாத சனமும் வரவில்லை.

புரட்டாதி 30, ஞாயிறு

தமிழ்ப் பூசை. முடிந்து மண்டபத்தில் சாப்பாடு. எங்கள் பெரியநாயகி மாதாவின் படத்தை வைக்க நீள மேசை வேண்டும். பின்னறையில் இருந்து கொண்டுவர வேண்டும். மரம், பாரம்.

யாக்கோப்பு அண்ணை வந்திருந்தார், அதே கோட்டோடு. பின்னறைக்குப் போய் மேசையின் ஒரு தலைப்பைத் தூக்கிக்கொண்டு நின்றார். மற்றத் தலைப்பைப் பிடிக்க ஒருவரும் வரவில்லை. வாசலில் ஆம்பிளைகள் கூடி நின்று பார்த்தார்கள். ஒருவர் சொன்னார், அவருக்குக் கேட்கத்தான் சொன்னார்: "கவனம், தலையாட்டி தூக்குது." மற்றவர்கள் சிரித்தார்கள். சொன்னவர் தொண்ணூற்றெட்டில் கொழும்பில் இருந்து விசா எடுத்து வந்தவர். ஒரு சுற்றிவளைப்பில்கூட நின்றதில்லை. அந்தச் சொல்லை நான் எழுதிய எழுத்தில்தான் முதன்முதல் வாசித்திருப்பார். அவருடைய பளபளத்த சப்பாத்தைப் பார்த்தேன், சிரிக்கிற வாயைப் பார்த்தேன். என்னுடைய அண்ணனின் சாவில் இருந்து இந்த மனிதருக்கு ஒரு பகிடி கிடைத்திருக்கிறது.

அவர்களைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனேன்.

"நீர் விடும், உமக்கு ஏலாது" என்றார் யாக்கோப்பு அண்ணை.

"பிடியுங்கோ" என்றேன். தூக்கினோம். வாசலில் நின்றவர்கள் விலகவேண்டி வந்தது.

நிமிர ஏலாமல் நாரி நோகிறது. இவர் எண்ணெய் தேய்த்துவிட்டார்.